ஒரு நாற்காலி, இரண்டு வக்கீல்கள்

பிரான்சிஸ் பேக்கன் என்று சொன்னால் பி.ஏ. இங்கிலீஷ் படித்தவர்கள் லேசாக நெளிவார்கள். அந்தக் கட்டுரைகளுக்கு நோட்ஸ் எடுத்த கை இன்னும் வலிக்கும். சயின்ஸ்காரர்கள் பயபக்தியோடு பேசுவார்கள்: பழைய ஏட்டை நம்பாதே, செய்து பார்த்துத் தெரிந்துகொள் என்று உலகத்துக்கே சொன்னவராயிற்றே! சரி, இந்த மகான் வயிற்றுப்பாட்டுக்கு என்ன செய்தார் என்று கேட்டுப் பாருங்கள். பாதிப் பேருக்குத் தெரியாது. அவர் கவர்ன்மென்ட் வக்கீல்.

சாதாரண கவர்ன்மென்ட் வக்கீல் இல்லை. 1607ல் இங்கிலாந்தின் சொலிசிட்டர் ஜெனரல். 1613ல் அட்டர்னி ஜெனரல். 1617ல் ராஜமுத்திரைக் காப்பாளர். 1618ல் லார்டு சான்ஸலர், அதாவது சட்டத் துறையின் உச்சாணிக் கொம்பு. பயோடேட்டா ஜோராக இருக்கிறதா? கடைசி வரியையும் சேர்த்துக்கொள்ளுங்கள்: 1621ல் லண்டன் டவரில் கைதி.

இந்த ஏணியில் அவர் கால் வைத்த முதல் இரண்டு படியிலும் ஒரு மனிதர் ஏற்கெனவே உட்கார்ந்திருந்தார். எட்வர்ட் குக். பேக்கனைவிட ஒன்பது வயது பெரியவர். சட்டத்தைக் கரைத்துக் குடித்தவர்; நாக்கில் சனி. ராஜாவும் சட்டத்துக்குக் கட்டுப்பட்டவர்தான் என்று ராஜாவின் முகத்துக்கு நேரே முழங்கிய மாவீரர் என்று சட்ட மாணவர்கள் அவரைப் படிக்கிறார்கள். அந்த வீரத்தின் லட்சணத்தைப் பிறகு பார்ப்போம். இப்போதைக்கு ஒன்று தெரிந்தால் போதும்: இந்த இரண்டு மேதைகளும் முப்பது வருஷம் போட்டது கொள்கைச் சண்டை என்று வரலாறு சொல்லும். நம்பாதீர்கள். அசல் பங்காளிச் சண்டை.

பேக்கன் பிறந்தது பெரிய இடத்தில். அப்பா சர் நிக்கலஸ் பேக்கன், எலிசபெத் ராணியின் முத்திரைக் காப்பாளர். அம்மாவின் அக்காள் புருஷன், அதாவது பெரியப்பா, லார்டு பர்லி. ராணிக்கு வலது கை. பெரியப்பா மகன் ராபர்ட் செசில், தம்பி முறை. வலது கைக்கு வாரிசு. பையனோ பன்னிரண்டு வயதில் கேம்பிரிட்ஜ் போன புத்திசாலி. இவ்வளவு சிபாரிசும் மூளையும் உள்ளவருக்கு சர்க்காரில் ஒரு நல்ல வேலை கிடைக்க எத்தனை நாளாகும் என்கிறீர்கள்? நாற்பத்தாறு வயது ஆயிற்று.

நடந்தது இதுதான். கடைக்குட்டிப் பிள்ளைக்கு நிலம் வாங்கப் பணம் சேர்த்துக்கொண்டிருந்த அப்பா, வாங்குவதற்குள் 1579ல் கண்ணை மூடிவிட்டார். பையன் கைக்கு வந்தது சொற்பம். பையனுடைய ரசனையோ சொற்பத்தில் அடங்காதது. கிரேஸ் இன் என்ற வக்கீல்கள் சங்கத்தில் சேர்ந்து சட்டம் படித்தார். கூடவே கடன் வாங்கவும் படித்தார். இரண்டாவது படிப்பில்தான் சீக்கிரம் தேறினார்.

முப்பத்தொரு வயதில் பெரியப்பாவுக்கு ஒரு கடிதம் போட்டார். உலகத்தில் உள்ள அறிவு மொத்தமும் என் எல்லைக்கு உட்பட்டது என்று ஆரம்பித்து, ஆகவே ஒரு வேலை போட்டுக் கொடுங்கள் என்று முடிக்கிற ரகம். இன்றைய ரெஸ்யூமேக்கள் தோற்கும். வேலை கிடைக்காவிட்டால் என்ன செய்வாராம்? இருக்கிற சொத்தை விற்றுவிட்டு, புத்தகம் எழுதிப் பிழைக்கப் போய்விடுவாராம். மிரட்டல்! பெரியப்பா துளியும் பயப்படவில்லை.

போதாக்குறைக்கு 1593ல் பேக்கன் தன் வாழ்நாளில் அபூர்வமான ஒரு காரியத்தைச் செய்தார். பார்லிமென்டில் மனசில் பட்டதைப் பேசிவிட்டார். ராணி கேட்ட வரியை இவ்வளவு அவசரமாக வசூலித்தால் பெரிய மனிதர்கள் வெள்ளிப் பாத்திரத்தையும் குடியானவர்கள் பித்தளைப் பானையையும் விற்க வேண்டியிருக்கும் என்றார். ராணிக்குக் கோபம் வந்தது. என் முகத்தில் விழிக்காதே என்று சொல்லிவிட்டார். பேக்கன் பாடம் கற்றுக்கொண்டார். அந்தத் தப்பை அவர் மறுபடி செய்யவில்லை.

அடுத்த வருஷம் அட்டர்னி ஜெனரல் நாற்காலி காலியானது. சர்க்காரின் தலைமை வக்கீல் பதவி. ஒரே கட்சிக்காரர்தான், கிரீடம் வைத்தவர். ஃபீஸ் உண்டு, செல்வாக்கு உண்டு, ஜட்ஜ் பதவிக்கு நேர் வழி உண்டு. பேக்கனுக்காக வரிந்து கட்டிக்கொண்டு வந்தவர் எஸ்ஸெக்ஸ் பிரபு: ராணியின் செல்லப் பிள்ளை, அழகர், அவசரக் குடுக்கை. ஒரு நாள் கோச்சு வண்டியில் ராபர்ட் செசிலும் எஸ்ஸெக்ஸும் சேர்ந்து போகும்போது பேச்சு வந்தது. பிரான்சிஸ் சின்னப் பையன், சொலிசிட்டர் பதவியைக் கேட்டால் ராணிக்குச் சுலபமாக ஜீரணமாகும் என்றார் செசில். ஜீரணத்தைப் பற்றி என்னிடம் பேசாதே, பிரான்சிஸுக்கு அட்டர்னி பதவிதான் வேண்டும் என்று எஸ்ஸெக்ஸ் எகிறினார். இவ்வளவு கூச்சலுக்குப் பிறகு பதவி போனது எட்வர்ட் குக்குக்கு.

சரி, சொலிசிட்டர் பதவியாவது? ராணி அந்த நாற்காலியை ஒன்றரை வருஷம் காலியாகவே போட்டு வைத்தார். ஆள் கிடைக்காமல் இல்லை. பேக்கன் வாசலிலேயே நின்றார். 1595ல் அதைத் தூக்கி தாமஸ் ஃப்ளெமிங் என்பவரிடம் கொடுத்தார். மனசு நொந்த எஸ்ஸெக்ஸ், 1,800 பவுண்டு பெறுமானமுள்ள நிலத்தைப் பேக்கனுக்குச் சும்மா எழுதிக் கொடுத்தார். வேலை வாங்கித் தர முடியாத சிபாரிசுக்காரர் கைக்காசைப் போட்டு ஈடு கட்டியது உலகத்தில் அந்த ஒரு முறையாகத்தான் இருக்கும்.

பேக்கனுக்கு ஆறுதல் பரிசாக ஒரு பட்டம் கிடைத்தது. ராணியின் ஆலோசனை வக்கீல். எழுத்தில் ஆணை கிடையாது; சம்பளம் கிடையாது; ராணி வாயால் சொன்னதோடு சரி. இன்றைக்கு லண்டன் கோர்ட்டுகளில் பட்டு அங்கி போட்டுக்கொண்டு மணிக்கணக்கில் ஃபீஸ் வாங்குகிற 'கிங்ஸ் கவுன்சல்' சீனியர்கள் இருக்கிறார்களே, அந்தப் பரம்பரைக்கு ஆதிமூலம் இதுதான். அவர்களுடைய முப்பாட்டனார் அன்பெய்ட் இன்டர்ன்.

பதவிதான் போனது, பணக்காரப் பெண்ணாவது கிடைக்கட்டும் என்று பேக்கன் அடுத்த திட்டம் போட்டார். லேடி எலிசபெத் ஹாட்டன்: இருபது வயது விதவை, அழகி, எக்கச்சக்க சொத்து, பர்லியின் சொந்தப் பேத்தி. எஸ்ஸெக்ஸ் மறுபடி சிபாரிசுக் கடிதம் எழுதினார். அவருடைய சிபாரிசின் ராசி நமக்குத் தெரியும். 1598 ஜூனில் குக்கின் முதல் மனைவி இறந்தார். நவம்பரில் லேடி ஹாட்டன் கல்யாணம் செய்துகொண்டார், நாற்பத்தாறு வயது குக்கை!

இந்தக் கல்யாணத்தில் ஒரு சட்டச் சிக்கல். சர்ச்சில் அறிவிப்பு இல்லை, லைசென்ஸ் இல்லை, ஒரு வீட்டில் ராத்திரியோடு ராத்திரியாக நடந்த ரகசியக் கல்யாணம். இப்படிச் செய்யக்கூடாது என்று ஆர்ச்பிஷப் கண்டிப்பாக உத்தரவு போட்டு வைத்திருந்தார். சர்ச் கோர்ட்டில் கேஸ் ஆயிற்று. தேசத்தின் அட்டர்னி ஜெனரல், நடமாடும் சட்டப் புத்தகம், என்ன சொல்லித் தப்பினார் தெரியுமா? சட்டம் எனக்குத் தெரியாது!

அந்தப் பெண்மணி கடைசி வரைக்கும் குக் என்ற பெயரைப் போட்டுக்கொள்ளவில்லை. லேடி ஹாட்டனாகவே இருந்தார். புருஷனோடு சேர்ந்து இருந்ததைவிடச் சண்டை போட்டதே அதிகம். பேக்கன் தன் வாழ்க்கையில் தோற்ற வழக்குகளிலேயே அதிக லாபம் தந்தது இந்த ஒன்றுதான்.

அதே 1598ல் 300 பவுண்டு கடனுக்காக ஒரு பொற்கொல்லர் வாரண்ட் எடுத்தார். ராணியின் வேலையாக டவருக்குப் போய்விட்டுத் திரும்பிய பேக்கனை நடுத்தெருவில் மடக்கிவிட்டார்கள். அரசு வக்கீலை, அரசுப் பணியில் இருக்கும்போதா என்று பேக்கன் மேலிடங்களுக்குப் பொங்கி எழுதினார். பொற்கொல்லருக்கு அரசியல் சாசனம் புரியவில்லை. வட்டிக் கணக்குத்தான் புரிந்தது.

குக் இதை விடுவாரா? 1601ல் எக்ஸ்செக்கர் கோர்ட்டில், ஜட்ஜுகள் முன்னால், இரண்டு பேரும் முட்டிக்கொண்டார்கள். என் மேல் உனக்கு ஏதாவது பல் இருந்தால் பிடுங்கி எறிந்துவிடு, உன் வாயில் உள்ள பல் அத்தனையும் செய்யும் நன்மையைவிட அது செய்யும் கெடுதல் அதிகம் என்றார் குக். உன் பெருமையை நீ எவ்வளவு குறைவாகப் பேசுகிறாயோ அவ்வளவு அதிகமாக நான் அதை நினைப்பேன் என்றார் பேக்கன். நீ சின்னவனிலும் சின்னவன் என்று ஏளனம் செய்த குக், கடைசியில் கடன் வாரண்டையும் இழுத்தார். இதெல்லாம் நமக்கு எப்படித் தெரியும்? பேக்கன் வீட்டுக்குப் போய் ஒரு வரி விடாமல் எழுதி, தம்பி செசிலுக்குப் புகாராக அனுப்பினார். மிஸ் மிஸ், இவன் என்னைத் திட்டுறான் மிஸ்.

அந்த வருஷம்தான் எஸ்ஸெக்ஸ் தலைக்கனம் முற்றி, லண்டன் தெருவில் ராணிக்கு எதிராகக் கலகம் செய்து பிடிபட்டார். ராஜத்துரோக வழக்கு. அரசுத் தரப்பில் குக். அவர் வழக்கம்போல் கத்தித் தீர்த்ததில் கேஸ் எங்கெங்கோ சுற்றியது. அதை இழுத்துப் பிடித்து, குற்றவாளியின் கழுத்தில் சரியாக மாட்டிய ஜூனியர் யார்? 1,800 பவுண்டு நிலத்தை வாங்கிக்கொண்ட அதே பேக்கன். எஸ்ஸெக்ஸின் தலை 1601 பிப்ரவரி 25 அன்று உருண்டது. பேக்கனுக்குப் பங்காக 1,200 பவுண்டு வந்தது. எதிர்பார்த்த அளவுக்கு ராணி செய்யவில்லை என்று கடிதத்தில் குறைப்பட்டுக்கொண்டார்.

நட்பைப் பற்றி அவர் எழுதிய கட்டுரை இன்றும் பாடப்புத்தகத்தில் இருக்கிறது. மார்க் நிறைய வரும், படியுங்கள்.

1603ல் ராணி போய் ஜேம்ஸ் ராஜா வந்தார். பேக்கன் 'சர்' பட்டம் கேட்டு செசிலுக்கு எழுதினார். காரணங்கள் மூன்று. ஒன்று, கொஞ்ச நாள் முன்பு மானம் போனது. இரண்டு, கிரேஸ் இன்னில் கூட உட்கார்ந்து சாப்பிடும் மூன்று பேர் 'சர்' ஆகிவிட்டார்கள். மூன்று, ஒரு ஆல்டர்மேனின் பெண்ணைப் பார்த்து வைத்திருக்கிறேன். பட்டத்தைக் கும்பலோடு கும்பலாகக் கொடுத்துவிடாதீர்கள், கௌரவமாக இருக்கட்டும் என்று ஒரு வேண்டுகோள் வேறு. ராஜா கொடுத்தார். அதே நாளில் இன்னும் சுமார் 300 பேருக்கும் கொடுத்தார்.

அந்தப் பெண் ஆலிஸ் பார்ன்ஹாமை 1606ல் கல்யாணம் செய்தபோது அவருக்கு 45 வயது. பெண்ணுக்குப் பதினான்குகூட நிறையவில்லை. இந்த இடத்தில் நாம் சிரிக்க வேண்டாம். மாப்பிள்ளையைப் பார்த்துச் சிரிக்கலாம்: தலை முதல் கால் வரை ஊதா நிறத்தில் வந்து நின்றார். பெண்ணுக்கும் ஜரிகை உடுப்பு, ஜரிகை உடுப்பு, மேலும் ஜரிகை உடுப்பு. வரதட்சணையை உடுப்பே ஒரு கடி கடித்துவிட்டது என்று அந்தக் காலத்து ஊர்வம்புக் கடிதம் ஒன்று சொல்கிறது.

சொலிசிட்டர் ஆன மறுவருஷம், 1608ல், பேக்கன் ஒரு சொந்த டைரி எழுதினார். அதிர்ஷ்டவசமாக அது நம் கையில் இருக்கிறது. விஞ்ஞானத்தைப் புதுப்பிக்கும் மாபெரும் திட்டம் அதில் உண்டு. வயிற்றுக்கு என்ன மருந்து, தோட்டத்தில் என்ன வேலை என்பதும் உண்டு. எந்தப் பிரபுவிடம் எப்படிக் குழைய வேண்டும், பேசும்போது மூச்சு வாங்காமல் இருப்பது எப்படி என்ற குறிப்புகளும் உண்டு. எல்லாவற்றுக்கும் மேலாக, அப்போதைய அட்டர்னி ஜெனரல் ஹோபர்ட்டின் பலவீனங்கள் என்று தனியாக ஒரு லிஸ்ட். பிரபஞ்ச ரகசியமும் ஆபீஸ் பாலிடிக்ஸும் ஒரே நோட்டில்.

குக் அதற்குள் காமன் ப்ளீஸ் கோர்ட்டின் தலைமை நீதிபதி ஆகிவிட்டார். இப்போது அந்த வீர வரலாற்றுக்கு வருவோம். ஜேம்ஸ் ராஜாவுக்குத் தானே உட்கார்ந்து வழக்குகளைத் தீர்த்து வைக்க ஆசை. எனக்கும் அறிவு இருக்கிறதே என்றார். உங்களுக்கு அபார அறிவுதான், ஆனால் சட்ட அறிவு என்பது வருஷக்கணக்கில் படித்துப் பழகி வருவது. ராஜா மனிதனுக்குக் கீழே இல்லை, கடவுளுக்கும் சட்டத்துக்கும் கீழே என்று குக் கம்பீரமாகப் பதில் சொன்னார். இதை யார் சொல்கிறார்கள்? குக்கே எழுதிய குறிப்பு சொல்கிறது. சம்பவத்தைப் பற்றி வேறொருவர் எழுதிய கடிதமும் இருக்கிறது. அதில் ராஜா முஷ்டியை மடக்கிக்கொண்டு அடிக்க வருகிறார். குக் தரையில் நாலு காலில் விழுகிறார். செசில் மண்டியிட்டு, பாவம் மன்னித்துவிடுங்கள் என்று கெஞ்சுகிறார்.

ஒன்று மட்டும் குக்குக்குச் சாதகமாகச் சொல்ல வேண்டும். தரையில் விழுந்தவர் கருத்தை வாபஸ் வாங்கவில்லை. எழுந்து போய் மறுபடி அதே தீர்ப்புகளையே எழுதிக்கொண்டிருந்தார். முழங்காலுக்கு ராஜ விசுவாசம் உண்டு, பேனாவுக்குக் கிடையாது.

1613ல் கிங்ஸ் பெஞ்ச் தலைமை நீதிபதி இறந்தார். யார் தெரிகிறதா? 1595ல் பேக்கனின் சொலிசிட்டர் பதவியைத் தட்டிக்கொண்டு போன அதே ஃப்ளெமிங்! பேக்கன் ராஜாவுக்கு ஒரு யோசனை எழுதினார். குக்கை கிங்ஸ் பெஞ்சுக்கு மாற்றுங்கள். அந்தஸ்து அதிகம், வருமானம் குறைவு, ராஜாவின் பார்வையிலேயே இருப்பார். குக்கின் இடத்துக்கு ஹோபர்ட். ஹோபர்ட்டின் அட்டர்னி நாற்காலிக்கு… நீங்களே ஊகித்திருப்பீர்கள். பதவி உயர்வு ஆர்டரை வாங்கிக்கொண்ட குக் அழுதார். புரமோஷனுக்கு அழுத மனிதர் அரசு ஊழியர் சரித்திரத்தில் அபூர்வம்.

இப்படியாக, ஐம்பத்திரண்டு வயதில் பேக்கன் அட்டர்னி ஜெனரல். ஆண்டுக்கு 6,000 பவுண்டு பெறும் பதவி என்று அவரே கணக்குச் சொல்லியிருக்கிறார். கடன் அடைந்துவிட்டது என்று நினைக்கிறீர்களா? ராஜாவின் புதுச் செல்லப் பிள்ளை சாமர்செட் பிரபுவுக்குக் கல்யாணம். அதைக் கொண்டாட 1614 ஜனவரியில் ஒரு ஆடம்பர நாட்டியம் போட்டு, 2,000 பவுண்டுக்கு மேல் செலவை ஒற்றை ஆளாக ஏற்றுக்கொண்டார் பேக்கன். பங்கு தருகிறேன் என்றவர்களிடமும் வாங்கவில்லை. இரண்டே வருஷத்தில் அதே மாப்பிள்ளையும் பெண்ணும் விஷம் வைத்த கொலை வழக்கில் கூண்டில் நின்றார்கள். அரசுத் தரப்பில் வாதாடித் தண்டனை வாங்கிக் கொடுத்தவர், மொய் எழுதிய அதே அட்டர்னி ஜெனரல்.

அவர் செய்த எல்லாமே வேடிக்கை இல்லை. பீச்சம் என்ற வயதான பாதிரியார், படித்துக் காட்டாத ஒரு பிரசங்கத்தில் ராஜாவைத் தாக்கி எழுதி வைத்திருந்தார். அவரைச் சித்திரவதை செய்து விசாரித்தபோது கூட இருந்தவர்களில் பேக்கனும் ஒருவர். பீச்சம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு ஜட்ஜுகளைத் தனித்தனியாகப் பார்த்து முன்கூட்டியே கருத்துக் கேட்டு வைக்கலாம் என்று அட்டர்னி ஜெனரல் கிளம்பினார். அது முறையில்லை என்று முதலில் எதிர்த்தவர் குக். இயற்கையைக் கேள்வி கேட்டு உண்மையை வரவழைக்க வேண்டும் என்ற தத்துவஞானி, மனிதனைக் கேள்வி கேட்ட விதம் இது.

1616ல் குக்கின் முறை. ராஜாவின் அதிகாரத்தைத் தொடும் ஒரு வழக்கை நிறுத்தி வையுங்கள் என்று உத்தரவு. பன்னிரண்டு ஜட்ஜுகளும் ராஜா முன்னால் மண்டியிட்டார்கள். இனிமேல் நான் சொன்னால் நிறுத்துவீர்களா என்று கேட்டார் ஜேம்ஸ். பதினோரு பேர் சரி என்றார்கள். ஒரு ஜட்ஜ் எதைச் செய்வது பொருத்தமோ அதைச் செய்வேன் என்றார் குக். சஸ்பென்ஷன். வீட்டில் உட்கார்ந்து உன் தீர்ப்புத் தொகுப்புகளில் உள்ள தப்புகளைத் திருத்து என்று தண்டனை வேறு. பதினோரு தொகுதிகளையும் மாதக்கணக்கில் புரட்டிவிட்டு வந்து, ஐந்தே ஐந்து சில்லறைத் தப்புகளைக் காட்டினார். நவம்பரில் வேலை போய்விட்டது.

1617ல் பேக்கன் முத்திரைக் காப்பாளர். அப்பா உட்கார்ந்த அதே இடம். ஊதா சாட்டின் உடுப்பில் குதிரையேறி வெஸ்ட்மின்ஸ்டருக்கு ஊர்வலம் போனார். கல்யாணத்துக்குப் பிறகு அந்த நிறத்துக்குக் கிடைத்த பெரிய சான்ஸ்.

குக் சும்மா இருக்கவில்லை. பதவி போனவருக்குப் பெண் இருந்தாள். ராஜாவின் அடுத்த செல்லப் பிள்ளை பக்கிங்காமின் அண்ணனுக்கு அவளைக் கட்டிக் கொடுத்தால் மறுபடி அரண்மனைக்குள் நுழையலாம். லேடி ஹாட்டன் சம்மதிக்கவில்லை. பெண்ணைக் கூட்டிக்கொண்டு போய் ஒளித்து வைத்தார். நாட்டின் முன்னாள் தலைமை நீதிபதி, பிள்ளைகளையும் ஆட்களையும் கூட்டிக்கொண்டு, ஆயுதத்தோடு போய், மரக்கட்டையால் கதவை இடித்து, பெண்ணைத் தூக்கி வந்தார். ஒருவன் வீட்டுக்குள் எப்படி நுழையலாம், நுழையக்கூடாது என்பதைப் பற்றிய ஆதாரமான தீர்ப்பு ஒன்று சட்டப் புத்தகத்தில் இருக்கிறது. அதைத் தொகுத்து வெளியிட்டவர் குக்தான்.

பெண்ணைப் பறிகொடுத்த லேடி ஹாட்டன் நேராகப் பேக்கன் வீட்டுக்கு ஓடினார். ஐயா உடம்பு சரியில்லாமல் படுத்திருக்கிறார் என்றான் வேலைக்காரன். எழுந்ததும் முதல் ஆளாகப் பேச வேண்டும், பக்கத்து அறையில் ஒரு நாற்காலி போடு என்றார் அந்த அம்மாள். அவன் நகர்ந்ததுதான் தாமதம், பாய்ந்து போய்ப் படுக்கையறைக் கதவை மோதினார். முத்திரைக் காப்பாளர் அலறிப் புடைத்து எழுந்து ஆட்களைக் கூப்பிட, அவர்களோடு சேர்ந்து உள்ளே நுழைந்து, மன்னிக்கணும், கன்றைத் தொலைத்த பசு மாதிரி இருக்கிறேன் என்றார். இருபது வருஷத்துக்கு முன் பேக்கன் வாசலில் காத்திருந்து கிடைக்காத பெண். இப்போது தானாகக் கதவை உடைத்துக்கொண்டு வருகிறார், வக்கீல் வேண்டும் என்று!

பேக்கன் உருகிவிட்டார். வாரண்ட் கொடுத்தார், கல்யாணம் கூடாது என்று ராஜாவுக்கும் பக்கிங்காமுக்கும் எழுதினார். அவர்கள் இருவரும் கல்யாணத்துக்கு ஆதரவு என்பது கொஞ்சம் தாமதமாக உறைத்தது. உடனே அந்தர் பல்டி, மன்னிப்புக் கடிதங்கள். செப்டம்பரில் கல்யாணம் நடந்தது. குக் மீண்டும் ராஜாவின் ஆலோசனை சபையான பிரிவி கவுன்சிலில். பெண்ணின் சம்மதத்தைக் கேட்க மட்டும் யாருக்கும் நேரமில்லை.

1620ல் பேக்கன் 'நோவம் ஆர்கனம்' என்ற மகா நூலை வெளியிட்டார். ஒரு பிரதியை குக்குக்கும் அனுப்பினார். அவர் அதன் மேலேயே இரண்டு வரி நக்கல் கவிதை எழுதி வைத்தார். சாராம்சம்: முட்டாள்கள் ஏறும் கப்பலில் ஏற்ற வேண்டிய சரக்கு. விஞ்ஞான யுகத்தின் பிரகடனத்துக்குக் கிடைத்த முதல் ரிவ்யூக்களில் ஒன்று, ஒரு ஸ்டார்கூட இல்லாமல்.

1621 ஜனவரியில் அறுபதாவது பிறந்தநாள் தடபுடல். அதே மாதத்தில் வைகவுன்ட் பட்டம். மார்ச்சில் பார்லிமென்டில் லஞ்சப் புகார். பார்லிமென்டில் முன்வரிசையில் நின்று, பழைய சட்ட நுணுக்கம் அத்தனையும் எடுத்துக் கொடுத்த மெம்பர் யார் என்று நான் சொல்லத் தேவையில்லை. 69 வயதில் இளமை திரும்பியிருந்தது அவருக்கு.

புகார் கொடுத்தவர்களின் கோபம் தனி ரகம். ஒருவர் வட்டிக்குக் கடன் வாங்கி 100 பவுண்டு கொடுத்தார்; இன்னொருவர் 400 பவுண்டு. இரண்டு பேருக்கும் எதிராகவே உத்தரவு போட்டிருந்தார் பேக்கன்! வாங்கினேன், ஆனால் அதற்காகத் தீர்ப்பை வளைக்கவில்லை என்பதுதான் அவர் கட்சி. உண்மையாகக்கூட இருக்கலாம். காசையும் கொடுத்து கேஸையும் தோற்றவன் சும்மா இருப்பானா?

லேடி வார்ட்டன் என்ற கட்சிக்காரர் கையில் ஒரு பர்ஸோடு வந்தாராம். அது என்ன என்று கேட்டாராம் சான்ஸலர். நானே என் கையால் பின்னிய பர்ஸ் என்றாராம். இவ்வளவு அழகான கைகள் பின்னிய பர்ஸை எந்தப் பிரபு வேண்டாம் என்பான் என்றாராம் இவர். உள்ளே பணம் இருந்தது என்பதைச் சொல்லவும் வேண்டுமா? அதிகாரத்தில் இருப்பவன் தன் கையை மட்டுமல்ல, வேலைக்காரன் கையையும், கொடுக்க வருகிறவன் கையையும் சேர்த்துக் கட்டிவைக்க வேண்டும் என்று அருமையாக எழுதியவர் இவரேதான். பின்னல் வேலையைப் பற்றி அவர் எழுத மறந்துவிட்டார்.

28 குற்றச்சாட்டு. அத்தனையையும் ஒப்புக்கொண்டார். 40,000 பவுண்டு அபராதம், ராஜா விரும்பும் வரை டவர், இனி எந்தப் பதவியும் கிடையாது, பார்லிமென்டுக்குள்ளும் வரக்கூடாது. டவரில் இருந்தது சில நாள்தான். அபராதத்தையும் ராஜா வசூலிக்கவில்லை. ஐம்பது வருஷத்தில் இங்கிலாந்து கண்ட மிக நேர்மையான நீதிபதி நான். இருநூறு வருஷத்தில் பார்லிமென்ட் கொடுத்த மிக நேர்மையான தண்டனையும் எனக்குக் கிடைத்ததுதான் என்று குறித்து வைத்தார். தண்டனையிலும் முதல் ரேங்க் வேண்டும் அவருக்கு.

குக் ஜெயித்துவிட்டாரா? அதே வருஷம் டிசம்பரில் ராஜாவை எதிர்த்துப் பேசியதற்காக குக்கையும் டவரில் போட்டார்கள். பேக்கன் சில நாள். குக் பல மாதம். ஜெயில் கணக்கில் சீனியர்தான் சீனியர்.

இனிமேல்தான் விஷயமே இருக்கிறது. பதவி போன ஐந்து வருஷத்தில் பேக்கன் ஏழாம் ஹென்றியின் சரித்திரத்தை எழுதினார், அறிவின் வளர்ச்சியைப் பற்றிய நூலை லத்தீனில் பெரிதாக்கினார், பத்துக் கட்டுரைகளாக ஆரம்பித்த தொகுப்பை 58 ஆக்கினார். முப்பது வருஷம் முன்பு பெரியப்பாவை மிரட்டினாரே, புத்தகம் எழுதப் போய்விடுவேன் என்று? போயே போய்விட்டார். 1626 ஏப்ரலில் ஹைகேட் பக்கம் வண்டியில் போகும்போது, பனி மாமிசத்தைக் கெடாமல் வைக்குமா என்று பார்க்க ஒரு கோழியை வாங்கி வயிற்றில் பனியை அடைத்தார், குளிர் தாக்கிச் செத்துப்போனார் என்று ஒரு கதை. கோழி கட்டுக்கதையாக இருக்கலாம். ஏதோ பரிசோதனை செய்ததை அவருடைய கடைசிக் கடிதமே சொல்கிறது. விட்டுப் போன கடன் 22,000 பவுண்டுக்கு மேல். உயிலில் மனைவியின் பங்கை ரத்து செய்திருந்தார். மனைவி பதினோராம் நாள் வேறு கல்யாணம் செய்துகொண்டார்.

குக்கோ, ஜட்ஜாகவே இருந்திருந்தால் காமன்ஸ் சபைக்குள் கால் வைத்திருக்க முடியாது. பதவி போனதால் மெம்பர் ஆனார். 1628ல், எழுபத்தாறு வயதில், 'பெடிஷன் ஆஃப் ரைட்' என்ற உரிமை மனுவை முன்னின்று கொண்டுவந்தார்: பார்லிமென்ட் சம்மதிக்காமல் வரி கூடாது, காரணம் சொல்லாமல் யாரையும் உள்ளே தள்ளக் கூடாது. ராஜா உத்தரவில் உள்ளே போனவனுக்கு ஜாமீன் இல்லை என்று முன்பு நீங்களே சொன்னீர்களே என்று ஆதாரத்தோடு மடக்கினார்கள். அப்போது தப்பான புத்தகத்தை நம்பிவிட்டேன் என்றார் அலட்டிக்கொள்ளாமல். அதே வருஷம் அவருடைய 'இன்ஸ்டிட்யூட்ஸ்' முதல் பாகம் வெளிவந்தது. இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் தலைமுறை தலைமுறையாக வக்கீல்கள் அதைப் படித்தார்கள்.

1634ல் அவர் போய்ச் சேர்வதற்கு முன்னால், போய்விட்டார் என்று ஒரு வதந்தி கிளம்பியது. லேடி ஹாட்டன் அவருடைய வீட்டைக் கைப்பற்ற உடனே வண்டி கட்டினார். வழியில் கோல்ன்புரூக்கில் எதிரே வந்த டாக்டர், ஐயாவுக்கு உடம்பு தேறிவிட்டது என்றார். அந்த அம்மாள் வண்டியைத் திருப்பிக்கொண்டு வீடு போய்ச் சேர்ந்தார்.

ஆக, நான் சொல்ல வருவது இவ்வளவுதான். இரண்டு பேரும் உயிரைக் கொடுத்துச் சண்டை போட்ட நாற்காலியில் உட்கார்ந்து பேக்கன் சாதித்தது ஒரு சித்திரவதையும் சில துதிக் கடிதங்களும். குக் சாதித்தது தொண்டை கிழியக் கத்திய சில வழக்குகள். உலகம் அவர்களை நினைவில் வைத்திருப்பதெல்லாம் பெரும்பாலும் அந்த நாற்காலிக்கு வெளியேயும், அதிலிருந்து உருட்டி விட்ட பிறகும் செய்த வேலைக்காக. ஒருவரை ஒருவர் கவிழ்த்துக்கொள்ளாமல் இருந்திருந்தால் இங்கிலாந்துக்கு இரண்டு கெட்டிக்கார அதிகாரிகள் மிஞ்சியிருப்பார்கள், அவ்வளவே. உங்கள் ஆபீஸிலும் ஒரு குக் இருப்பார். உங்களுக்கு வர வேண்டிய புரமோஷனைத் தட்டிக்கொண்டும் போயிருப்பார். அவரைத் திட்டுவதற்கு முன்னால், எழுத வேண்டும் என்று தள்ளிப் போட்டுக்கொண்டே வருகிறீர்களே, அந்தப் புத்தகத்தை எடுத்து முதல் பக்கத்தை எழுதிவிடுங்கள்.